மாலைமாற்றும் காலமும்

காலம், இசை, முரண் என்னும் மூன்றையும் ஒருங்கு பிணைத்து உயிரின் இயல்பை விளக்கப் புகுந்த கொள்கையொன்று, டக்ளஸ் ஹாப்ஸ்டாட்டர் என்னும் அமெரிக்க அறிஞர் 1979-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'கோடெல், எஷர், பாக்' என்னும் பெருநூலிற் காணப்படுகின்றது. ஜெர்மானிய இசைப்புலவராகிய பாக் (1685–1750), 1747-இல் பிரஷ்ய மன்னனுக்குக் காணிக்கையாக்கிய இசைத்தொகுதியின் உருப்படிகள் இரண்டு அக்கொள்கைக்குச் சிறந்த எடுத்துக்காட்டுக்களாயின. ஒன்று நண்டுநடை எனப்படுவது. ஒரு குரல் முதலிலிருந்து ஈறு நோக்கிச் செல்ல, மற்றொரு குரல் அச்சுரங்களையே ஈற்றிலிருந்து முதல் நோக்கி உடனிசைக்கும். மற்றொன்று, சுற்றுத்தோறும் ஒரு சுரம் உயர்ந்து, 6 சுற்று முடிந்தவழித் தொடங்கிய சுரத்தையே மேல் ஸ்தாயியில் வந்தடைவது. ஏறிக்கொண்டே சென்றும் புறப்பட்ட இடத்தைச் சேரும் இம்முரணை 'விந்தைச் சுழல்' என வழங்கி, 'யான்' என்னும் உணர்வும் இத்தகைய சுழலினின்றே தோன்றுவதென அவர் கொண்டார்.

இசையைப் பின்னோக்கி நடத்தல் சைவர்க்குப் புதுவதன்று. திருஞானசம்பந்தப் பெருமான் அருளிய திருமாலைமாற்றுப் பதிகம் மூன்றாந் திருமுறையில் உள்ளது. பாக்கின் நண்டுநடைக்கு ஆயிரம் ஆண்டின் மேலும் முற்பட்டது. மாலைமாற்றினைத் தண்டியலங்காரமும் சித்திரகவியுள் வைத்து ஓதும். ஆயின், 'எம்மிடத்தும் இஃது உண்டு' என மகிழ்ந்து அமைவதனால் ஆராய்ச்சி முற்றுப்பெறாது. மாலைமாற்றில் உண்மையாகத் திரும்புவது யாது என்பதே வினா.

திரும்புவது ஓசை என்னின், அன்று. 'கா' என்னும் உயிர்மெய்யில் ககரமெய் முன்னும் ஆகாரம் பின்னும் ஒலிக்கும். ஒலிப்பதிவினைப் பின்னோக்கி ஓட்டின் அது 'ஆக்' என்றாற்போலன்றோ கேட்கும்? மாலைமாற்றோ உயிர்மெய்யைப் பிளவாது ஒன்றாக எண்ணி, எழுத்தின் நிரலை மாத்திரம் மாற்றுவது. நண்டுநடையும் அத்தன்மைத்தே. நரம்பைத் தெறித்தவழிச் சுரம் முதலில் மிக்கொலித்துப் பின்னர்த் தேயும்; பின்னோக்கிச் செல்லும் குரலினும் ஒவ்வொரு சுரமும் அவ்வாறே பிறந்து அவ்வாறே தேய்வதன்றித் தேய்விலிருந்து மிகுந்து வருவதில்லை. நிரல் மாறிற்று, காலம் மாறவில்லை.

இதற்குத் தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கில் கண்கூடான உவமை ஒன்று உண்டு. மேற்றிசைக் கடல் நோக்கிச் சென்ற பெரியாற்று நீர், 1895-இல் நிறைவெய்திய அணையாலும் மலையைக் குடைந்து அமைத்த சுருங்கையாலும் கீழ்த்திசைக்குத் திருப்பப்பட்டு அப்பள்ளத்தாக்கை விளைவிக்கின்றது. திசை மாறியதேயன்றி, மேட்டினின்று பள்ளத்திற்கு இழிதலாகிய நீரின் இயல்பு மாறிற்றில்லை.

அப்பகுதியைச் சேர்ந்த பண்ணைப்புரத்தில் 1943-இல் பிறந்த இளையராஜாவின் ஆக்கங்கள் இரண்டினை இந்நோக்கில் ஆராய்தல் பயனுடைத்து. 1985-இல் வெளிவந்த 'சிந்து பைரவி' என்னும் படத்தில் 'கலைவாணியே' எனத் தொடங்கும் பாடல், கல்யாணி இராகத்தின் ஆரோசைச் சுரங்களே கொண்டு அமைந்தது. அமரோசையின்றி ஒரு பாட்டு நடத்தல் அரிய திறனே. எனினும், ஒரு சங்கதி ஏறி முடிந்தபின் அடுத்தது கீழிருந்தன்றோ எழும்? இடையிலுள்ள அமைதியிற் குரல் இறங்கியே விடுகின்றது. அவ்விறக்கம் செவிக்குப் புலனாகாதவாறு மறைத்ததே இசைப்புலவரின் திறன். இறக்கம் இல்லாதவாறு செய்தது அன்று.

மற்றொன்று, பாக்கிற்கும் தியாகராஜருக்கும் உரிமையாக்கி 1986-இல் வெளியிட்ட 'ஹவ் டு நேம் இட்?' என்னும் இசைத்தொகுதி. அதன்கண் ஓர் உருப்படி, 'என் இல்லத்திற் பாக்கைக் கண்டேன்' எனப் பொருள்படும் ஆங்கிலத் தலைப்பினது. 1720-ஆம் ஆண்டுக் கைப்படியிற் காணும் பாக்கின் வயலின் தனியிசை ஒன்றின் முகப்பை எடுத்து, வேறு குரல்களை அதனோடு இயைப்பது. பாக் மறைந்து 17 ஆண்டு கழிந்தே தியாகராஜர் (1767–1847) தோன்றினார். ஆகலின் இத்தொகுதியைக் காலத்தை வென்றதெனப் புகழ்தல் எளிது. அப்புகழ் பொருந்தாது. 1720 ஈண்டு வரவில்லை. அவ்வாண்டின் நிரல் வந்தது. முரண் தலைப்பின்கண்ணதே. இசையின்கண் உள்ளது அதனினும் சிறந்ததோர் இயைபு: பழைய குரல் சிதையாது நிற்க, புதியது அதனோடு வழக்கிடாது உடன் செல்கின்றது.

அற்றேல், தத்துவ முறையில் நாதம் சுத்தமாயையினின்றும், காலம் அசுத்தமாயையினின்றும் தோன்றுவனவாகலின், ஓசை காலத்தைக் கடந்ததாகாதோ எனின், ஆகாது. நாததத்துவம் வேறு, செவிக்குப் புலனாம் ஓசை வேறு. பின்னது தன்மாத்திரைகளுள் ஒன்றாய்க் காலதத்துவத்தின் கீழ்ப்பட்டது. இவ்வேறுபாடு நோக்காமையே இத்துறையில் நிகழும் மயக்கத்திற்கெல்லாம் வேர். வாக்கு நான்கினுள், பைசந்தியில் எழுத்துக்கள் மயின்முட்டை நீரிற் பலநிறம்போல் பிரிவின்றி அடங்கிக் கிடக்கும். ஆண்டு முன்பின் என்பதில்லை. மத்திமையில் நிரல் பிறக்கும். வைகரியில் அது பிறர் செவிக்குச் சென்று புலனாகும். மாலைமாற்றும் நண்டுநடையும் மத்திமையின் செயல்கள். பாக்கும் தியாகராஜரும் ஒருங்கிருத்தற்குரிய 'இல்லம்' யாதெனின், இளையராஜாவின் பைசந்தியே என்க.

இனி, சுழலே 'யான்' ஆம் என்னும் கொள்கை. வாக்குகள் மாயையின் காரியமாய சடம். உடம்பும் பொறியும் உயிரல்ல எனச் சிவஞானபோதத்து மூன்றாஞ் சூத்திரமும், அந்தக்கரணம் உயிரன்றென நான்காஞ் சூத்திரமும் மறுத்தமை, சடம் எத்துணை நுண்ணிதாகச் சுழன்று தன்னைச் சுட்டினும் அதற்கும் ஒக்கும். அறிவானும் அச்சுழலே எனின், சுழலின் ஒவ்வொரு நிலையும் தன் கணத்தில் மாத்திரமே உள்ளது. நண்டுநடையின் ஈறு கேட்கும்போது அதன் முதல் இறந்தொழிந்தது. இறந்ததையும் நிகழ்வதையும் ஒருசேரப் பற்றி 'இது அதன் மறுதலை' என ஓர்வது அக்கணங்களுள் எது? ஹாப்ஸ்டாட்டர் அதனை நினைவின் அமைப்பென்பர். அமைப்பு பதிவைத் தாங்கும். தாங்கியதனாலேயே அதனை அறிந்ததாகாது, ஏடு தன் எழுத்தை அறியாமை போல.

நண்டுநடையைக் கேட்ட அளவில் மறுதலை நடையெனத் தேர்வார் அரியர். சுரம் எழுதிய தாளைக் கண்டபின்னரே பெரும்பாலார் உணர்வர். திருமாலைமாற்றை ஓதுவார் பாடக் கேட்பார்க்கும் அதுவே நிகழ்கின்றது. பதிகம் செவியில் முன்னோக்கியே செல்லும். மாற்று, அதனைப் பாடம் செய்து நெஞ்சிற் கொண்டவனிடத்தே விளங்கும்.