புலியைத் தேடியவர்கள்

அசோகமித்திரனின் ‘புலிக்கலைஞன்’ 1973ஆம் ஆண்டில் எழுதப்பெற்ற சிறுகதை. கலைஞனுக்கு நேர்ந்த அவலத்தைச் சொல்லும் கதையாகவே இது பெரும்பாலும் வாசிக்கப்பட்டு வந்துள்ளது. அவ்வாசிப்பு பிழையன்று; ஆயினும் போதுமானதன்று. மாநகரில் ஒரு மனிதன் எவ்வாறு தடயமின்றி மறைந்து போகிறான் என்பதே இதன் மையம் என நாம் கருதுகிறோம்.

ஜெமினி ஸ்டூடியோவில் பல்லாண்டுகள் பணியாற்றியவர் ஆசிரியர். அத்தகையதொரு படநிறுவனத்திற்கு வேலை கேட்டு வருகிறார் காதர். அலுவலக அறையிலேயே புலியாக மாறிக் காட்டுகிறார். பார்த்தவர்கள் உறைந்து போகின்றனர். ஆட்டம் முடிந்ததும் அவர் மீண்டும் பசித்த எளிய மனிதர். உண்பதற்குச் சிறிது பணம் தருகின்றனர். பின்னர் படமொன்றிற்குப் புலியாட்டம் தேவைப்பட்டபோது அவருக்குக் கடிதம் எழுதுகின்றனர். கடிதம் திரும்பி வந்துவிடுகிறது.

அவ்வறையில் இருந்தோர் கொடியவரல்லர்; இரக்கமுடையோரே. எவரையும் குற்றவாளியாக்காததே கதையின் வலிமை. ஆயினும் அவர்கள் தேடியது புலியை, காதரையன்று.

காணாதவரைக் கவனித்து விசாரித்தலுக்கு அரபியில் ‘தஃபக்குத்’ என்றொரு சொல் உண்டு. ‘இழத்தல்’ என்னும் பொருளுடைய வேரிலிருந்து பிறந்தது. சுலைமான் நபி (அலை) பறவைகளைப் பார்வையிட்டு, ஹுத்ஹுதைக் காணாமல் விசாரித்ததைக் கூறும் திருக்குர்ஆன் வசனத்தில் (27:20) இதன் வினை வடிவமே ஆளப்பட்டுள்ளது. அத்துணைப் பெரும்படையிலும் ஒரு பறவையின் இன்மை கவனிக்கப்பட்டது. மதீனாப் பள்ளிவாசலைப் பெருக்கி வந்த ஒருவரைக் காணாதபோது நபிகள் நாயகம் (ஸல்) விசாரித்தார்கள். அவர் இறந்துவிட்டதை அறிந்ததும், தமக்கு ஏன் அறிவிக்கவில்லை எனக் கேட்டு, கப்ருக்குச் சென்று தொழுதார்கள். புகாரி, முஸ்லிம் இரண்டிலும் இந்நிகழ்ச்சி பதிவாகியுள்ளது. எளியவர் ஒருவரின் இன்மையைப் பிறர் பொருட்படுத்தாதிருந்ததே அங்குத் திருத்தப்பட்டது.

காதர் என்பது நம்மவர் பெயர். எனவே இக்கதையைத் திரையுலகின் மீதான குற்றச்சாட்டாக மட்டும் வாசித்து அமைதியடைவது நமக்கு எளிது. ஆனால் அவரை எந்த மஹல்லாவும் தேடியதாகக் கதையில் குறிப்பில்லை. இன்று மதுக்கரையிலும் கோவையைச் சூழ்ந்த தொழிற்பகுதிகளிலும், வடமாநிலங்களிலிருந்து பிழைக்க வந்தோர் ஜும்ஆவில் நம்மோடு தோள் சேர்ந்து நிற்கின்றனர். ஸலாம் உரைக்கிறோம், கைகொடுக்கிறோம், கலைகிறோம். அடுத்த வெள்ளியன்று அவர்களுள் ஒருவர் வராவிடில், பெயர் சொல்லி விசாரிக்க நம்மில் எத்தனை பேருக்கு இயலும்? ஜமாஅத் பதிவேடுகளில் சந்தா செலுத்துவோர் பெயர்கள் உள்ளன. அவற்றில் இவர்களின் பெயர்களும் ஏறட்டும்.