தட்டில் ஆறும் தேங்காய் மிட்டாய்

தீபாவளி நெருங்கினால் மலேசியாவின் கெடா மாநிலத்தில் சுங்கைப்பட்டாணி, பீடோங், கூலிம் பக்கத்துத் தமிழ் வீடுகளில் முறுக்குக்கு அடுத்தபடி தேங்காய் மிட்டாய்தான். அந்தக் காலத்துப் பால்மரத் தோட்டத்து லயங்களில் ஓவன் ஏது? அடுப்பும் கனமான சட்டியும் போதும்.

பழுப்புத் தோல் படாமல் வெள்ளையை மட்டும் துருவ வேண்டும். சீனியும் டின் பாலும் சேர்த்து, இளந்தீயில் கை ஓயாமல் கிளற வேண்டும். கலவை சட்டியின் ஓரத்தை விட்டுக் கழன்று திரள்வதுதான் பதம். முந்தி இறக்கினால் ஒட்டும், பிந்தினால் உதிரும். அந்தக் கணம் தப்பினால் மாமியாரே வந்தாலும் காப்பாற்ற முடியாது. நெய் தடவிய தட்டில் பரப்பி, சூடு ஆறுமுன் கத்தியால் கோடு போட்டுவிட வேண்டும். ஆறியதும் மேலே சீனி பூத்து நறுக்கென்று கடிபடும்; உள்ளே தேங்காய்ப் பால் கசியும் மென்மை. கடைப் பெட்டி இனிப்பில் இது கிடைக்காது.

பிள்ளைகள் சாயம் கலந்த ரோஸ் நிறத்தைத்தான் முதலில் எடுப்பார்கள். எனக்குப் பாண்டான் இலைச் சாறு விட்ட பச்சை. சாயத்தில் ஏது வாசம்?

மலாய், சீன அண்டை வீடுகளுக்குப் போகும் பலகாரத் தட்டில் இதற்கு ஓர் ஓரம் நிச்சயம். ஐப்பசி மழை ஈரத்தில் சீனி கசியும். காற்றுப் புகாத டின்னில் போட்டு, சில நாளுக்குள் கொடுத்து முடித்துவிடுங்கள்.