படிப்பும் பயனும்: யாழ்ப்பாணத்துப் புராணபடன மரபு

நமது சபையின் மலருக்குப் புராணபடனம் பற்றி ஒரு கட்டுரை வேண்டும் என்று தலைவரும் மலர்க் குழுவினரும் கேட்டார்கள். மூத்தோர் இருக்க நான் எழுதுவதா என்று தயங்கினேன். அவர்களே பணித்த பின் மறுக்க முடியவில்லை. ஒருவர் செய்யுளை வாசிக்கும் படிப்பு எது, மற்றவர் பொருள் விரிக்கும் பயன் எது என்று உறுப்பினர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. ஆகவே பரம்பரைகளிலிருந்தே தொடங்குகிறேன்.

வண்ணை என்னும் வண்ணார்பண்ணை வழிதான் நம் எல்லோருக்கும் மூத்த வழி. ஆறுமுக நாவலர் பெருமான் 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவினார். 1852இல் பெரியபுராண வசனத்தை அச்சிட்டார். அச்சு வந்தும் படனம் மெலியவில்லை. அவருடைய மருகர் வித்துவசிரோமணி பொன்னம்பலபிள்ளை பயன் சொல்வதைத் தனிக் கலையாகவே வளர்த்தார். சுன்னாகம் குமாரசுவாமிப் புலவர் (1854–1922) வழி இலக்கணத்தில் இறுக்கமானது. சொல்லைப் பிரித்துக் காட்டாமல் பொருளுக்குப் போக அங்கே இடமில்லை. இவ்விருவரிடமும் பாடங் கேட்டவர் புன்னாலைக்கட்டுவன் கணேசையர். சுவையும் இலக்கணமும் அவரிடம் ஒன்றாயின. வடமராட்சிக்கு உடுப்பிட்டிச் சிவசம்புப் புலவர் வழி உண்டு. நினைவாற்றலுக்குச் சான்று கேட்பவர்கள் புலோலி சதாவதானி கதிரைவேற்பிள்ளையை எண்ணிக்கொள்ளலாம். புராணபடனத்தோடு ஒட்டிய இந்த வாழ்வு முழுவதையும் பார்த்துக் ‘கந்தபுராண கலாசாரம்’ என்று பெயர் சொன்னவர் பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை. அவரும் வண்ணை நாவலர் காவிய பாடசாலையில் குமாரசுவாமிப் புலவரிடம் கற்றவரே.

1921இல் தோன்றிய ஆரிய திராவிட பாஷாபிவிருத்திச் சங்கம் பிரவேச பண்டிதம், பால பண்டிதம், பண்டிதம் என்று படிகள் அமைத்துப் பரீட்சை நடத்தியது. அதில் தேறியவர்கள் ஊர்தோறும் கோயில் மண்டபத்தில் படனத்துக்கு அமர்ந்தார்கள். ஆனால் மண்டபத்துக்கு வேறொரு பரீட்சை இருந்தது. தூணோடு சாய்ந்திருக்கும் முதியவர் ஒருவர் வாசிப்பவரின் பிழையை ஏடு பாராமலே திருத்துவார்.

கணேசையர் வழியில் வந்தவர் எங்களுக்குப் படிப்புச் சொல்லித் தந்த ஐயா. அவர் பெயரை நான் எழுதப் போவதில்லை. தம் பெயர் அச்சில் வருவதை அவர் ஒருநாளும் விரும்பியதில்லை. நிகண்டு மனப்பாடமாகும் வரை புராண ஏட்டைத் தொட விடமாட்டார். தொட்ட பிறகும் முதல் மாதங்களில் பொருள் சொல்லித் தரமாட்டார். அவர் ஒரு முறை வாசிப்பார், நாங்கள் திருப்பிச் சொல்வோம், அவ்வளவுதான். விருத்தத்தின் மூன்றாம் அடியில் கையை உயர்த்தி நிறுத்துவார். “மூச்சை எங்கே விட்டாய்?” என்பார். சொல்லின் நடுவே விட்டிருந்தால் படலத்தின் முதற் செய்யுளுக்கே திரும்ப வேண்டும். இரங்கற் செய்யுளை முகாரியில் எடுக்கச் சொல்வார். ஆனால் இராகம் சொல்லை விழுங்கினால் இராகத்தை விட்டுவிடு என்பார்.

கந்தபுராணக் காப்புச் செய்யுளின் முதற் புணர்ச்சி ஒன்றிலேயே எங்களை நாட்கணக்கில் நிறுத்தி வைத்தார். குமரகோட்டத்து அரங்கேற்றத்தில் அந்தப் புணர்ச்சிமீது ஆட்சேபம் எழுந்ததும், வீரசோழிய இலக்கணத்தைக் காட்டி விடை கிடைத்ததும் உறுப்பினர்கள் அறிந்த கதை. அந்த இடத்தை வாசிப்பவர் சேர்த்தே வாசிக்க வேண்டும், பயன் சொல்பவர் பிரித்தே சொல்ல வேண்டும் என்பது ஐயாவின் விதி. சேர்ந்திருக்கும்போது காதுக்கு ஓசை. பிரிந்தபின் மனதுக்குப் பொருள். இருவர் அமர்ந்து செய்யும் காரியம் இது. ஒருவரே இரண்டையும் செய்தால் கேட்பவனுக்கு இடையில் யோசிக்க ஒரு கணமும் கிடைக்காது என்பார்.

கந்தபுராணத்தில் 10,345 செய்யுள்கள். நாளுக்கு ஐம்பது வாசித்தாலும் இருநூறு நாளைத் தாண்டும். அந்தக் கணக்கை வைத்துத்தான் சூரபன்மன் வதைப் படலம் ஐப்பசிக் கந்தசஷ்டிக்கு வந்து சேரும்படி மாதங்களுக்கு முன்பே காண்டங்களை வகுப்பார்கள். சித்திரா பௌர்ணமிக்குச் சித்திரபுத்திரனார் கதை, கார்த்திகையில் தொடங்கும் பெருங்கதை நாட்களுக்குச் சுன்னாகம் வரத பண்டிதரின் பிள்ளையார் கதை, மார்கழித் திருவெம்பாவைக்குத் திருவாதவூரடிகள் புராணம். வாக்கியமும் திருக்கணிதமும் ஒரு நாள் வேறுபட்டால் அந்தக் கோயில் கொள்ளும் பஞ்சாங்கத்தைப் பார்த்து ஏட்டைத் திருப்புவார்கள். எங்கள் தாய்மாருக்கு ஆண்டு நகர்வது இப்படித்தான் தெரிந்தது.

1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்தது. 1995 ஐப்பசியில், கந்தசஷ்டி விரத நாட்களை ஒட்டி, வலிகாமமே தென்மராட்சிக்கு இடம்பெயர்ந்தது. ஏடும் புத்தகமும் வீட்டோடு போயின. படிப்பு போகவில்லை, அது முதியவர்களின் நெஞ்சில் நடந்து வந்தது. அவர்களில் பலர் இன்று இல்லை.

இனிச் சொல்லப் போவது யாரையும் குறித்தது அல்ல. இன்று மண்டபத்தில் அமர்பவர்களுள் பக்தியும் உழைப்பும் உள்ளவர்கள் இருக்கிறார்கள். நமது சபை மூத்தோரின் படிப்புக்குக் குறை சொல்ல எவராலும் முடியாது. ஆயினும் சில இடங்களில் காண்பதைச் சொல்லாமல் விடுவது ஐயாவுக்குச் செய்யும் துரோகம்.

நேரமில்லை என்று படலங்களை விட்டுவிடுகிறார்கள். முதலில் விடப்படுவது தட்ச காண்டம். வள்ளியம்மை திருமணம் மட்டும் பொங்கலோடு ஒரு மாலையில் முடிகிறது. வாசிப்பவர் கைத்தொலைபேசியைப் பார்த்து வாசிக்கிறார். திரை அணைந்தால் செய்யுளும் நின்றுவிடுகிறது. பயன் சொல்பவர் பதப்பொருளைத் தாண்டிக் குதித்து நேரே துணுக்குக் கதைக்குப் போகிறார். சபை சிரிக்கிறது, அவரும் நிறைவு கொள்கிறார். ஒலிபெருக்கி வந்த பிறகு குரலை அடிவயிற்றிலிருந்து எடுப்பவர் குறைந்தார். மூன்று தெருவுக்குக் கேட்கிறது, முன்னால் இருப்பவனுக்குச் சொல் விளங்கவில்லை.

இது மண்டபத்தோடு நிற்கவும் இல்லை. ழகரமும் ளகரமும் ஒன்றாய்ப் போன பிள்ளைகளை வீடுதோறும் காண்கிறேன். வானொலியில் செய்தி வாசிப்பவர் வல்லினத்தை விழுங்குகிறார். மேடைக்கு வருபவர் எழுதி வந்த தாளையும் தடுமாறி வாசிக்கிறார். கோயில் அறிவித்தலில் ஒற்று மிகும் இடத்தில் மிகுவதில்லை, மிகாத இடத்தில் மிகுகிறது. இவை ஒவ்வொன்றுக்கும் வேர் ஒன்றே என்பது என் துணிபு: நாளுக்கு ஐம்பது விருத்தம் காதில் விழுந்து வளர்ந்த தலைமுறை முடிந்துவிட்டது. பள்ளிக்கூடமும் தனியார் வகுப்பும் அந்த இடத்தை நிரப்பவில்லை, நிரப்பவும் முடியாது. கேட்டு வளராத பிள்ளை உயர்தரத்தில் தமிழுக்கு ஏ எடுத்தாலும் அவனிடம் ஒரு விருத்தத்தைக் கொடுத்தால் எங்கே மூச்சு விடுவதென்று தெரியாமல் நிற்கிறான். இதை நான் மிகைப்படுத்துவதாகச் சிலர் சொல்லக்கூடும். அவர்கள் தங்கள் வீட்டுப் பிள்ளைக்கு ஒரு செய்யுளைக் கொடுத்துப் பார்க்கட்டும்.

சபைக்கு என் விண்ணப்பம் இரண்டு. தட்ச காண்டத்தை விடாமல் வாசிக்கத் தெரிந்த மூத்தோர் நம்மிடையே இன்னும் இருக்கிறார்கள். அவர்களது வாசிப்பையும் பயனையும் படலம் படலமாக, ஒலிபெருக்கி இல்லாமல், வெட்டாமல் ஒலிப்பதிவு செய்ய வேண்டும். மற்றது, மண்டபத்தில் அமர விரும்பும் இளையோர் முதலில் மூத்தோர் முன்னிலையில் ஏடு பாராமல் ஒரு படலம் ஒப்புவிக்க வேண்டும் என்று சபை விதி செய்ய வேண்டும். அதற்குப் பயிற்ற இடமும் ஆளும் இல்லை என்று யாரும் சொல்ல வேண்டாம். செவ்வாய்க்கிழமை மாலைகளில் என் வீட்டு விறாந்தையில் பாய் விரித்திருக்கும். ஐயா தந்த ஏடு என்னிடம் இருக்கிறது. நிகண்டிலிருந்து தொடங்குவோம்.