காவல் என்னும் சொல்: மா. கிருஷ்ணனின் எழுத்தும் தேசியப் பூங்கா இலக்கியமும்

படைப்பைக் குறித்து நம் பிரசங்க பீடங்களில் இந்நாட்களில் மிகுதியாகவே பேசப்படுகிறது. அவ்வாறு பேசுகையில் நாம் சபையாரின் மனக்கண்முன் நிறுத்தும் காட்சி பெரும்பாலும் ஒன்றே: தெளிந்த நீரோடை, அச்சமின்றி மேயும் மான்கூட்டம், மனிதன் கால்படாத காடு. இதனை ஏதேனின் சாயல் என்றும் சொல்லிவிடுகிறோம். ஆனால் மனிதனில்லாத ஏதேனைத் திருமறை அறியாது. அக்காட்சி கடந்த ஒன்றரை நூற்றாண்டில் தேசியப் பூங்காக்களைச் சுற்றி வளர்ந்த எழுத்திலிருந்தே நம்மிடம் வந்து சேர்ந்தது. கடன் வாங்கிய பொருளை ஆராய்ந்து பார்ப்பது கடமையாதலின், அவ்விலக்கியத்தை இறையியல் மாணவரும் போதகரும் திறனாய்வு நோக்கோடு படித்தல் வேண்டும். நம் சென்னையில் வாழ்ந்தவரும், இத்துறையில் தலைசிறந்தவருமான மா. கிருஷ்ணனின் எழுத்தை நடுவாக வைத்து அம்முயற்சியை இக்கட்டுரை மேற்கொள்கிறது.

1. பரதீசும் பூங்காவும்

முதலில் சொல்லை நோக்குவோம். எபிரெயத் திருமறையைக் கிரேக்கத்தில் பெயர்த்தோர் ஏதேன் தோட்டத்துக்குப் 'பரதெய்சோஸ்' என்னும் சொல்லைத் தெரிந்துகொண்டனர். நாம் 'பரதீசு' என்பது அதுவே. பழைய ஈரானிய மொழியில் அச்சொல் சுற்றுமதில் எழுப்பி அடைக்கப்பட்ட இடத்தைக் குறித்தது. கிரேக்க ஆசிரியர் செனொபோன் பாரசீக இளவரசன் சைரஸ் விலங்குகளை வளர்த்து வேட்டையாடிய பெருந்தோட்டத்தை இச்சொல்லாலேயே குறிக்கிறார். எனவே பரதீசு என்னும் சொல் வேந்தரின் வேட்டைத் தோட்டத்திலிருந்து விண்ணுலகுக்கு ஏறிய சொல்லாகும். 'பார்க்' என்னும் ஆங்கிலச் சொல்லும் இடைக்காலத்தில் மன்னரும் பிரபுக்களும் மான்களை அடைத்து வைத்த வேலியிட்ட நிலத்தையே குறித்தது.

தமிழில் நாம் 'தேசியப் பூங்கா' என்கிறோம். பூங்கா என்றவுடன் நம் மக்கள் நினைப்பது ஊஞ்சலும் சறுக்குமரமும் பூஞ்செடியும் உள்ள இடத்தையே. இப்பெயர் காட்டைக் கேளிக்கைக்குரிய இடமாக எண்ணச் செய்கிறது என்ற குறை நியாயமானது. எனினும் அச்சொல்லினுள் ஒரு புதையலும் உண்டு. 'கா' என்பது சோலை. காத்தல் என்னும் வினைக்கும் பகுதி 'கா' என்பதே. இரண்டும் ஒரே வேரினவா என்பதை மொழியறிஞர் முடிவு செய்யட்டும். சோலை என்பதும் காப்பது என்பதும் தமிழ்க் காதில் ஒருங்கே ஒலிக்கின்றன என்பது நமக்குப் போதும்.

2. கிண்டி காட்டும் வரலாறு

நான் இதை எழுதும் கோபாலபுரத்திலிருந்து சில கிலோமீட்டர் தொலைவிலேயே ஒரு தேசியப் பூங்கா உள்ளது. கிண்டியின் வரலாறு மேற்சொன்ன சொல்லின் வரலாற்றையே மறுபடியும் காட்டுகிறது. 19-ஆம் நூற்றாண்டில் அது ஆளுநர்களின் புறநகர் மாளிகையை அடுத்த வேட்டைக்காடு. 1910-இல் காப்புக்காடாக்கப்பட்டபோது அதன் பரப்பு ஏறத்தாழ 5 சதுர கிலோமீட்டர். விடுதலைக்குப் பின் 1956-இல் காந்தி மண்டபம், 1959-இல் தொடங்கிய இந்தியத் தொழில்நுட்பக் கழகம், பின்னர் இராஜாஜி, காமராசர் ஆகியோரின் நினைவிடங்கள் என ஒவ்வொன்றுக்கும் காட்டின் ஒரு பகுதி பிரித்தளிக்கப்பட்டது. 1978-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டபோது எஞ்சியது ஏறத்தாழ 2.7 சதுர கிலோமீட்டர். ஒவ்வொரு நோக்கமும் தனித்தனியே பார்த்தால் உயர்ந்ததே. ஆயினும் உயர்ந்த நோக்கங்களே ஒரு காட்டைப் பாதியாக்கிவிட்டன. உலர் பசுமைமாறாக் காட்டின் எச்சம் ஒன்று பெருநகரின் நடுவே இன்றும் நிற்பதற்கு, இதற்குமேல் ஒரு முழமும் இல்லை என்று சட்டம் சொன்னதே காரணம். வேலியைக் குறைகூறுவோர் இதனை மறத்தலாகாது.

3. துப்பாக்கியும் நிழற்படக் கருவியும்

உலகின் முதல் தேசியப் பூங்காவான யெல்லோஸ்டோன் 1872-இல் அமெரிக்காவில் அமைந்தது. 1890-இல் யோசெமிட்டி தொடர்ந்தது. இவ்வியக்கத்தின் தலைமை எழுத்தாளர் ஜான் மியூர். கண்டிப்பான கிறிஸ்தவத் தந்தையால் சிறுவயதிலேயே புதிய ஏற்பாடு முழுவதையும் மனனம் செய்விக்கப்பட்டவர் அவர். ஆகையால் மலையும் மரமும் அவர் எழுத்தில் ஆலயங்களாகின்றன. வழிபாட்டு மொழியின் அழகு அந்நடைக்கு உண்டு. ஆனால் அவர் போற்றிய யோசெமிட்டிப் பள்ளத்தாக்கிலிருந்து அவானிச்சி மக்கள் 1851-இல் ஆயுதப் படையால் விரட்டப்பட்டிருந்தனர். எஞ்சியிருந்த பழங்குடியினரை எதிர்ப்பட்டபோது மியூர் தொடக்கத்தில் அருவருப்போடு எழுதினார். அலாஸ்காப் பயணங்களுக்குப் பின்னரே அவர் நோக்கு ஓரளவு மாறிற்று. ஆலயத்தை மெச்சியவர் அதன் பழைய குடியினரைக் காணத் தவறினார்.

இந்தியாவில் முதல் தேசியப் பூங்கா 1936-இல் இமயமலை அடிவாரத்தில் ஹெய்லி என்னும் பெயரால் அமைந்தது. பின்னாளில் அது ஜிம் கார்பெட்டின் பெயரைப் பெற்றது. கார்பெட்டின் நூல்கள் வேட்டைக்காரனின் நூல்கள். 'குமாவுன் ஆட்கொல்லிகள்' 1944-இல் வெளியாயிற்று. அந்நூலில் ஊரார் உயிரோடு நடமாடுகின்றனர்; அவர்களின் அச்சம், பசி, துணிவு யாவும் அதில் உண்டு. வேட்டை இலக்கியத்தை நாம் இன்று வெறுத்து ஒதுக்கலாம். ஆயினும் துப்பாக்கியை வைத்துவிட்டு நிழற்படக் கருவியை ஏந்திய பிற்கால எழுத்தில், காட்டின் மக்கள் பெரும்பாலும் மறைந்து போயினர். அல்லது அத்துமீறுவோராய், விறகு திருடுவோராய் மட்டும் தோன்றினர். இரக்கம் விலங்குகளின்பால் பெருகியபோது மனிதரின்பால் ஏன் சுருங்கிற்று என்னும் வினாவை இவ்விலக்கியத்தைப் படிக்கும் எவரும் எழுப்பாதிருத்தல் இயலாது.

4. கிருஷ்ணனின் எழுத்து

இந்தப் பின்னணியில் மா. கிருஷ்ணன் (1912–1996) தனித்து நிற்கிறார். 'பத்மாவதி சரித்திரம்' எழுதிய அ. மாதவையாவின் மகன் இவர். பாளையங்கோட்டைத் திருச்சபையின் தொடக்கத்தோடு தொடர்புடைய கிளாரிந்தாவைப் பற்றி 1915-இல் ஆங்கில நாவல் எழுதியவர் என்ற முறையில் மாதவையா நம் வாசகர்க்கு அயலாரல்லர். மயிலாப்பூரில் வாழ்ந்த கிருஷ்ணன், கல்கத்தாவின் 'ஸ்டேட்ஸ்மன்' நாளிதழில் 1950 முதல் தம் இறுதிவரை, ஏறத்தாழ 46 ஆண்டுகள் ஒரு பத்தியைத் தொடர்ந்து எழுதினார். தமிழிலும் எழுதினார், அவை 'மழைக்காலமும் குயிலோசையும்' என்னும் தொகுப்பாய்க் கிடைக்கின்றன.

அவர் எழுத்தின் முதற்சிறப்பு, அது வழிபாட்டு மொழியை மறுப்பது. யானையைக் கண்டு அவர் மெய்ம்மறப்பதில்லை. அது எப்படி நிற்கிறது, எப்போது காதை அசைக்கிறது என்று பார்க்கிறார். இரண்டாவது சிறப்பு, அரியதற்கும் எளியதற்கும் அவர் வேறுபாடு காட்டாமை. 1961-இல் வெளியான அவரது கட்டுரைத் தொகுப்பின் தலைப்பே காட்டையும் வீட்டுக் கொல்லையையும் இணைக்கிறது. புலிக்குத் தரும் கவனத்தைக் கொல்லைப்புறத்து அணிலுக்கும் தருகிறார். மூன்றாவது, இந்நாட்டு மரங்களை விட்டுவிட்டு அயல்நாட்டுப் பூமரங்களை நட்டு அழகு பார்ப்பதை அவர் கடிந்தது. ஒரு நிலத்துக்கு அதற்கே உரிய முகம் உண்டு என்பது அவர் கொள்கை.

இவ்வெழுத்துக்கு நேரான திருமறைப் பகுதி ஏதேன் அன்று. யோபின் நூலின் 38, 39-ஆம் அதிகாரங்கள். அங்கே ஆண்டவர் மனிதர் குடியிராத பாலையில் தாம் பெய்விக்கும் மழையைப் பற்றிப் பேசுகிறார். காட்டுக்கழுதையும் வரையாடும் மனிதனுக்கு எவ்விதத்திலும் பயன்படாமலே தேவனுக்கு உவப்பாயிருக்கின்றன. மனிதனை நடுவில் வைக்காத இப்பார்வையை ஒரு நாளிதழ்ப் பத்தியில் அரை நூற்றாண்டு காத்துவந்தது கிருஷ்ணனின் பெருஞ்சாதனை. மனிதத் தலையீடு அறவே இல்லாத காப்பிடங்கள் நாட்டில் வேண்டும் என்று அவர் வலியுறுத்தியதும் இதிலிருந்தே பிறந்தது.

குறையும் இங்குதான் உள்ளது. தலையீடு என்னும் ஒரே சொல்லில் அணை கட்டும் அரசும், தோட்டம் போடும் முதலாளியும், தேன் எடுக்கும் காடரும் ஒன்றாய் அடைபட்டுவிடுகின்றனர். நுணுக்கமாய்ப் பார்ப்பதில் இணையற்ற ஒருவரின் எழுத்தில், எல்லாவற்றினும் நுணுக்கமாய்ப் பார்க்கப்பட வேண்டிய இவ்வேறுபாடு மங்கலாகவே நின்றுவிட்டது. இதனை அவர் ஒருவரின் குறையென்று சொல்வது நேர்மையன்று. 1972-ஆம் ஆண்டின் காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டமும் அவ்வாறே அமைந்தது. சரணாலயத்தில் சில உரிமைகள் தொடர இடமுண்டு. தேசியப் பூங்காவில் நிலத்தின்மேலுள்ள உரிமைகள் யாவும் அரசுக்கே சேர்கின்றன, மேய்ச்சலுக்கும் இடமில்லை.

கிருஷ்ணனுக்குப் பின் தமிழில் இத்துறையை வளர்த்த சு. தியடோர் பாஸ்கரன் சொல்லிலிருந்து தொடங்குகிறார். 'வனவிலங்கு' என்பதற்கு மாற்றாகக் 'காட்டுயிர்' என்னும் சொல்லை அவர் வழங்கச் செய்தது சிறு பணியன்று. பறவையும் பூச்சியும் ஊர்வனவும் அச்சொல்லில் இடம்பெற்றன. 'இன்னும் பிறக்காத தலைமுறைக்கு' என்ற அவருடைய தொகுப்பின் தலைப்பு, நாம் யாருக்காகக் காக்கிறோம் என்பதற்கு ஒரு விடை தருகிறது. பிறந்துவிட்ட தலைமுறையின் ஏழைகளைப் பற்றிய விடையை நாம் வேறிடத்தில் தேட வேண்டியுள்ளது.

5. நான்கு இடங்களில் ஒரு சொல்

சூழலியலைப் பற்றிய இறையியல் விவாதங்கள் ஆதியாகமம் 1:28-இல் வரும் 'ஆளுதல்' என்னும் சொல்லைச் சுற்றியே நெடுங்காலம் நடந்துவந்தன. 'காத்தல்' என்னும் சொல் அதனினும் கவனிக்கத்தக்கது. எபிரெயத்தில் அது 'ஷாமர்' என்னும் வினை. ஆதியாகமம் 2:15-இல் மனிதன் தோட்டத்தைப் பண்படுத்தவும் காக்கவும் வைக்கப்படுகிறான்; அங்கே அவன் வேலிக்கு உள்ளே இருக்கிறான். 3:24-இல் கேருபீன்கள் ஜீவவிருட்சத்தின் வழியைக் காவல் செய்கின்றனர். அங்கே மனிதன் வெளியே இருக்கிறான். 4:9-இல் காயீன், சகோதரனுக்குத் தான் காவலாளியா என்று வினவுகிறான். நெகேமியா 2:8-இல் பாரசீக வேந்தனின் வனத்துக்கு ஆசாப் என்பவன் காவலாளன். வனம் என்று நாம் பெயர்த்திருக்கும் எபிரெயச் சொல் 'பர்தேஸ்', அதாவது பரதீசுக்கு உறவான சொல்லே. நான்கு இடங்களிலும் மூலவினை ஒன்று. நம் தமிழ்த் திருமறையிலும் நான்கும் 'கா' என்னும் பகுதியிலிருந்து பிறந்த சொற்களே.

தேசியப் பூங்கா இலக்கியம் பெரும்பாலும் மூன்றாம் அதிகாரத்தின் இறுதியில் நிற்கிறது: வாள் சுழல, மனிதன் வெளியே. நடைமுறையில் அது சில வேளைகளில் ஆசாபின் பணியாகிவிடுகிறது: வேந்தனுக்காக வனத்தைக் காத்தல். நான்காம் அதிகாரத்தின் வினாவுக்கு அது இன்னும் முழு விடை அளிக்கவில்லை.

இவ்வினா ஏட்டளவினதன்று. தூத்துக்குடி முதல் இராமேசுவரம்வரை 21 தீவுகளைச் சூழ்ந்த மன்னார் வளைகுடாக் கடல் 1986-இல் தேசியப் பூங்காவாயிற்று. பவளப்பாறைகள் வெட்டியெடுக்கப்பட்டுச் சுண்ணாம்பான காலம் அது. ஆகவே காவல் தேவையாகவே இருந்தது. ஆனால் தலைமுறைகளாகத் தீவுகளைச் சுற்றிப் பாசி எடுத்துப் பிழைத்த பெண்களும் அதே நாளில் அத்துமீறுவோராயினர். கடலோரச் சபை ஒன்றில் ஒருமுறை நான் அக்கடலை ஏதேனுக்கு ஒப்பிட்டுப் பிரசங்கித்தேன். ஆராதனை முடிந்தபின் முதிய பெண் ஒருவர், "ஐயா, அந்தத் தீவுப் பக்கம் இப்ப நாங்க போகக்கூடாதுங்க" என்றார். குறையாகக்கூடச் சொல்லவில்லை, நான் அறியாதிருக்கக்கூடும் என்று தெரிவித்தார். நான் அறிந்தே இருந்தேன். பிரசங்கத்தில் அதற்கு இடம் வைக்கவில்லை.

வேறு வழி உண்டா எனில், நம்மிடமே ஒரு சான்று உள்ளது. வேடந்தாங்கல் ஏரியில் கூடும் நீர்ப்பறவைகளைக் காத்தவர்கள் அவ்வூரார். பறவை எச்சம் கலந்த ஏரிநீர் தங்கள் வயலுக்கு உரமாவதை அவர்கள் அறிந்திருந்தனர். பறவைகளைச் சுட வருவோரைத் தடுக்கும் உரிமையைச் செங்கற்பட்டு ஆட்சியர் லயனெல் பிளேஸிடமிருந்து 1798-ஆம் ஆண்டளவிலேயே எழுத்தில் பெற்றனர். அரசின் சரணாலயம் அமைந்தது அதற்கு நெடுங்காலத்துக்குப் பின்னரே. கிருஷ்ணனும் வேடந்தாங்கலைப் பற்றி விரும்பி எழுதியுள்ளார் என்பது ஈண்டு நினைக்கத்தக்கது. எல்லாக் காடும் வேடந்தாங்கல் ஆகாது. யானைக்கும் புலிக்கும் பரந்த, அமைதியான இடம் வேண்டும். ஆனால் காவலன் உள்ளே இருந்தே காக்கலாம் என்பதற்கு அவ்வூர் சாட்சி. 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டமும் காட்டின் குடிகளுக்குப் பிழைக்கும் உரிமையோடு காக்கும் உரிமையையும் வழங்கியது.

6. முடிவுரை

கிருஷ்ணனை நம் மாணவர்கள் படித்தல் வேண்டும். படைப்பைப் பயன் கருதாது உற்றுநோக்கும் பழக்கத்தைத் தமிழ்நாட்டில் அவரைவிடச் செம்மையாகக் கற்பித்தவர் அரியர்; யோபின் இறுதி அதிகாரங்களை விளக்கப் புகும் போதகருக்கு விரிவுரை நூல்களுக்கு அடுத்தபடியாக அவர் கட்டுரைகள் துணைசெய்யும். அவரைப் படிக்கையில் பக்கங்களில் இல்லாதவர் யார் என்றும் கேட்டல் வேண்டும். அக்கேள்வியை அவர் எழுத்தே நமக்குக் கற்றுத்தருகிறது. கொல்லைப்புறத்து அணிலையும் விட்டுவிடாத கண் அவருடையது.

ஆனைமலையிலும் முதுமலையிலும் மன்னார்க் கரையிலும் பணியாற்றச் செல்லும் நம் மாணவர், காட்டுக்காகப் பேசும்போது காட்டின் மக்களுக்கு எதிராகவும், மக்களுக்காகப் பேசும்போது காட்டுக்கு எதிராகவும் பேசும்படி தூண்டப்படுவர். இரண்டு பக்கத்திலும் விரைந்து முடிவு சொல்வோர் உளர். தோட்டத்தைக் காக்கும்படி கட்டளை பெற்றவனின் மகனே சகோதரனைக் காக்க மறுத்தான் என்று ஆதியாகமம் அடுத்தடுத்த அதிகாரங்களில் சொல்கிறது. இரு காவலையும் பிரித்துப் பார்க்கும் உரிமையை அந்நூல் நமக்குத் தரவில்லை. அந்தக் கடலோரச் சபைக்கு நான் மறுபடியும் சென்றால் அதே திருமறைப் பகுதியைத்தான் எடுப்பேன். ஆனால் நான்காம் அதிகாரம்வரை வாசிப்பேன்.