பிறப்பா, செயலா?

ஒருவர் செய்த குற்றத்தை மறையாது எடுத்துரைப்பது வரலாற்றாசிரியர் கடமை. ஆனால், அக்குற்றத்திற்கு அவருடைய பிறப்பே காரணம் என்று கூறப் புகுந்தால், அவர் வரலாற்றை விட்டு வசைக்குப் போய்விடுகின்றார். ஒன்பதாம் நூற்றாண்டில் பிராங்கு நாட்டுத் தேகான் இலத்தீனில் எழுதிய பேரரசர் லூயியின் வரலாறு இதற்குத் தக்க சான்றாகும். அவருடைய வசைக்கு இலக்கானவர் ரெய்ம்ஸ் நகரப் பேராயர் எப்போ.

எப்போ அரச பண்ணையின் அடிமைக் குடியிற் பிறந்தவர். அடிமை நீங்கப்பெற்று, பேரரசர் சார்லமேனின் அரண்மனையிற் கல்வி பயின்றார். பேரரசரின் மைந்தர் லூயிக்கு நூலகக் காப்பாளரானார். 814இல் அரியணை ஏறிய லூயி, 816இல் அவரைப் பேராயராக உயர்த்தினார். எப்போ 823இல் டேனியரிடையே சமயப்பணி ஆற்றினார். அவர் பொருட்டு ஓவில்லே மடத்தில் உருவான நற்செய்தி ஏடு, உயிர்த்துடிப்புள்ள ஓவியங்களால் இன்றும் போற்றப்படுகின்றது. கழுவாய் முறைகளைத் தொகுத்துத் தருமாறு காம்பிரே ஆயர் ஹலிட்காரை வேண்டியவரும் இவரே.

833இல் லூயியின் மைந்தர் மூவர் தந்தைக்கு எதிராகத் திரண்டனர். படையினரும் பேரரசரைக் கைவிட்டனர். பேரரசர் கழுவாய் செய்தல் வேண்டுமெனக் கொம்பியேன் அவையில் தீர்ப்பளித்த ஆயர்களுக்கு எப்போ முன்னின்றார். சுவாசோன் நகரில், தம்மை உயர்த்திய பேரரசர் பலர் காணப் படைக்கலம் களைய நேர்ந்தது. மறு ஆண்டே லூயி ஆட்சியை மீண்டும் பெற்றார். 835இல் தியோன்வில் அவையில் எப்போ தம் குற்றத்தை ஒப்புக்கொண்டு பதவி துறந்தார். கழுவாய் நூல் வேண்டியவர், கழுவாய் விதித்து, முடிவில் தாமே குற்றம் ஒப்பி நின்றார்!

இதனைத் தேகான் கண்டித்தது முறையே. நன்றி மறந்த செயலுக்கு நாமும் பரிந்து பேச வேண்டுவதில்லை. ஆயினும், அவர் எப்போவின் முன்னோர் ஆடு மேய்த்தவர் என எள்ளுகின்றார். அரசர் ஒருவனை விடுவிக்கலாமேயன்றி உயர்குடியினன் ஆக்க இயலாது என்கின்றார். இழிந்தோரை உயர்த்தியதே அரசின் கேட்டிற்குக் காரணம் என்பது அவர் முடிபு. அந்நூலுக்கு முன்னுரை வரைந்த வலாபிரிட் ஸ்திராபோவே, ஆசிரியரின் சினத்திற்குப் பொறுதி வேண்ட நேர்ந்தது.

தேகானின் முடிபை அவர் கூறும் நிகழ்ச்சிகளே மறுக்கின்றன. கிளர்ச்சியைத் தொடங்கியவர் யாவர்? பேரரசரின் சொந்த மைந்தர்கள்! அவர்கள் குடி பேரரசரின் குடியன்றோ? பிறப்பே இரண்டகத்திற்கு வித்தாயின், லோத்தாருக்கு அவ்வித்து எங்கிருந்து வந்தது? மைந்தர்கள் மன்னிக்கப்பட்டனர். கிளர்ச்சியில் உடன்நின்ற லியோன் பேராயர் அகோபார்டும் பதவியிழந்து பின்னர் அதனைப் பெற்றார். எப்போவோ, லூயி மறைந்த 840இல் லோத்தாரால் ரெய்ம்ஸ் திரும்பியும் அங்கு நிலைக்கவில்லை. 844இல் போப்பாண்டவர் இரண்டாம் செர்கியுவும் அவரைப் பேராயராக ஏற்க மறுத்தார். 851இல் ஹில்டெஸ்ஹைம் ஆயராக அவர் மறைந்தார்.

தேகானின் நூலை ஒதுக்கிவிடுதல் கூடாது. லூயி உயிரோடிருந்த காலத்திலேயே, அவர்பால் அன்பு கொண்ட ஒருவர் எழுதியது அது. அதனாலேயே அரிய சான்றுமாகும். ஆயினும், அதனைக் கற்பிப்போர் செயலைச் சொல்லும் வரியையும் பிறப்பைப் பழிக்கும் வரியையும் வேறு பிரித்துக் காட்டுதல் வேண்டும். முன்னது எப்போவைப் பற்றிய செய்தி. பின்னது தேகானைப் பற்றிய செய்தி.