சாட்சியம் உரைக்கும் திரை

தஞ்சைத் தரணியின் நெல்வளத்தையும் கோயில்களையும் சங்கீதத்தையும் போற்றி எழுதப்பட்டவை ஏராளம். அந்த நெல்லை நட்டு அறுத்தவர்களின் வாழ்வை அவர்களுடைய முகத்தோடும் குரலோடும் பதிவு செய்தவை மிகச் சொற்பம். இக்குறையை ஓரளவேனும் நிவர்த்தி செய்த பெருமை ஆவணப்படத்துக்கு உரியது. தமிழரிடையே இக்கலைக்கு அஸ்திவாரமிட்ட ஏ. கே. செட்டியார், தேசம் தேசமாக அலைந்து படச்சுருள்களைத் திரட்டி, காந்தியடிகளின் வாழ்வை 1940இல் திரைக்குக் கொணர்ந்தார். 1948இல் அமைந்த பிலிம்ஸ் டிவிஷன் அரசின் குரலை நாடெங்கும் ஒலிக்கச் செய்தது. நெடுங்காலத்துக்குப் பின், வீடியோ காமிரா எளியோர் கைக்கும் எட்டியபோதுதான், இக்கலை சாமானிய ஜனங்களின் முறையீட்டுக்குச் செவிசாய்க்கலாயிற்று.

அன்றைய தஞ்சை ஜில்லாவின் கீழவெண்மணியில், 1968 டிசம்பர் 25ஆம் தேதி இரவு, கூலி உயர்வு கேட்டுச் செங்கொடியின் கீழ் திரண்ட விவசாயத் தொழிலாளர்களின் சேரிக்குள் மிராசுதார்களின் கூட்டம் புகுந்தபோது, ராமையாவின் சிறு குடிசையில் அடைக்கலம் தேடிய பெண்களும் குழந்தைகளும் முதியோருமாக 44 பேர் உயிரோடு எரிக்கப்பட்டனர். கீழ்க்கோர்ட்டில் தண்டனை பெற்ற நிலவுடைமையாளர்களை உயர்நீதிமன்றம் விடுவித்தது. கார் வைத்திருக்கும் செல்வந்தர்கள் கால்நடையாக வந்து தாமே தீயிட்டிருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்பதும் அத்தீர்ப்பு கூறிய காரணங்களுள் ஒன்று. பாரதி கிருஷ்ணகுமார் 2005இல் உருவாக்கிய 'ராமையாவின் குடிசை', அந்த இரவைக் கடந்து வந்தவர்களை மீண்டும் பேசவைத்தது. சாட்சிக் கூண்டில் நிற்பவருக்குக் கேட்ட கேள்விக்கு விடையளிக்க மட்டுமே அனுமதி உண்டு. காமிராவின் முன்போ, தம் துயரத்தைத் தம் போக்கில் சொல்லவும், நா எழாத இடத்தில் மௌனமாயிருக்கவும் அவருக்குச் சுதந்திரம் உண்டு.

இதே மார்க்கத்தில் நடந்தவர்கள் வேறு சிலரும் உளர். மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் ஊர்வலம் சென்றவர்கள் மீது போலீஸ் தடியடி நடத்தியதில், தாமிரபரணியில் 17 உயிர்கள் பலியான கொடுமையை ஆர். ஆர். சீனிவாசனின் 'நதியின் மரணம்' பதிவு செய்தது. மதுரைத் தெருவில் துடைப்பமும் வாளியுமாக மலம் அள்ளும் ஒரு பெண்மணியை உடனிருந்து காட்டிய அமுதனின் 'பீ', நாம் முகம் திருப்பிக்கொண்டு கடக்கும் காட்சியை இமைக்காமல் காணச் செய்தது. 1993இலும் 2013இலும் சட்டங்கள் இயற்றப்பட்ட பின்னரும் அவ்விழிதொழில் நீடிப்பதை மெய்ப்பித்த திவ்யபாரதியின் 'கக்கூஸ்', 2017இல் பொதுத்திரையிடலுக்குப் போலீஸ் அனுமதி மறுக்கப்பட்டு, பின் யூடியூப் வழியே மக்களைச் சென்றடைந்தது. சாட்சியம் சொல்வதோடு, அது கேட்கப்படுவதற்கான களத்துக்கும் போராட வேண்டியிருப்பதால், திரையிடலே இங்கு ஓர் உரிமைப் போராட்டம் ஆகிவிடுகிறது.

திருவிடைமருதூர் வட்டத்துக் கதிராமங்கலத்தில் 2017 ஜூனில் எண்ணெய்க் குழாய் கசிந்து வயலில் கச்சா எண்ணெய் பரவியபோது எழுந்த கிளர்ச்சி, இக்கலையின் தேவை இன்றும் தீரவில்லை என்பதற்குச் சான்று. கைபேசியில் நொடியில் படமெடுத்துப் பரப்புவது சுலபம். பரபரப்பு அடங்கிய பின்னும் அவ்வூருக்குத் திரும்பிச் சென்று, வழக்கின் கதியையும் நிலத்தின் கதியையும் விசாரித்துப் பதிவு செய்யும் பொறுமையே ஆவணப்படத்தின் தர்மம். துயருற்றவரின் சொல்லைப் பெற்றுக்கொண்டவர் அவருக்குக் கடன்பட்டவர். எடுத்த படத்தை அந்த ஊரிலேயே முதலில் திரையிடுவதும், அதன் பிரதிகளை நூலகங்களிலும் கல்லூரிகளிலும் பத்திரப்படுத்துவதும் அக்கடனைத் தீர்க்கும் வழிகள். வெண்மணியின் சாட்சிகள் மூப்பெய்தி மறைந்து வருகின்றனர்; ஆதலால் எஞ்சியிருப்போரின் சொல்லைத் திரட்டிக் காப்பது இந்தத் தலைமுறைக்குரிய, ஒத்திப்போட இயலாத கடமை.