எந்த எகிப்தை எடுத்துச் சென்றார்கள்?

அரபு மொழியில் 'குர்பா' என்றொரு சொல் உண்டு. ஊரைவிட்டுப் போய் இருப்பதும் குர்பா; போன இடத்தில் அந்நியனாக நிற்பதும் குர்பா; அதனால் நெஞ்சில் விழும் வெறுமையும் அதுவே. மேற்குத் திசையைக் குறிக்கும் 'கர்ப்', சூரியன் மறைவதைச் சொல்லும் 'குரூப்' ஆகியவையும் இதே வேரில் கிளைத்தவை. ரியாத்தில் கட்டட வேலை செய்யும் எகிப்தியரும் குர்பாவில்தான் இருக்கிறார், நியூஜெர்சியில் மருந்துக்கடை வைத்திருப்பவரும் குர்பாவில்தான் இருக்கிறார். ஆனால் எகிப்தியப் புலம்பெயர் எழுத்து என்று உலகம் இன்று கொண்டாடுவதில் முன்னவருக்குக் கிடைத்த இடம் மிகச் சிறியது. அந்த மனக்குறையோடுதான் இந்த எழுத்துகளைப் படித்துவருகிறேன்.

எகிப்து நெடுங்காலம் ஆட்களை அனுப்பிய நாடல்ல, வரவேற்ற நாடு. அலெக்சாந்திரியாவிலும் கெய்ரோவிலும் கிரேக்கர், இத்தாலியர், ஆர்மீனியர், சிரியர் என்று பலரும் வந்து கடைவிரித்திருந்தார்கள். 1956ஆம் ஆண்டின் சூயஸ் போரும் 1961இன் தேசியமயமாக்கலும் அந்தக் கடைகளை மூட வைத்தன. ஆகவே, எகிப்தை இழந்ததைப் பற்றிப் பேர்பெற்ற நூல்களில் சில, சக எகிப்தியர்கள் பலரால் 'வெளியார்' என்று எண்ணப்பட்டவர்கள் எழுதியவை. ஆந்த்ரே அசிமனின் 'அவுட் ஆஃப் ஈஜிப்ட்' அலெக்சாந்திரியாவின் ஒரு யூதக் குடும்பத்தைப் பற்றியது. பிரெஞ்சும் ஸ்பானிய யூதர்களின் லதினோவும் இத்தாலிய மொழியும் புழங்கிய அந்த வீட்டில் அரபு ஓரமாகத்தான் இருந்தது. லூசெத் லக்னாதோவின் நூல் (2007) என்னை அதைவிட அதிகம் உலுக்கியது. கெய்ரோவில் வெள்ளை ஷார்க்ஸ்கின் சூட் அணிந்து மிடுக்காக வலம்வந்த அப்பா, 1963இல் குடும்பத்தோடு கப்பலேறுகிறார். திரும்ப எகிப்துக்கே கூட்டிப்போங்கள் என்று கதறுகிறார். புரூக்ளினில் கழுத்துப் பட்டி விற்றுப் பிழைக்கிறார். அகதியின் வறுமையை எழுதப் பலர் இருக்கிறார்கள். அகதியின் அப்பா சிறுத்துப்போவதை இவ்வளவு பொறுமையாகப் பார்த்தவர்கள் குறைவு.

இதே காலத்தின் இன்னொரு குரல் வாகி காலி. எகிப்தின் பூர்வீகக் கிறிஸ்தவர்களான கோப்திக் பிரிவைச் சேர்ந்தவர். இவரது ஒரே நாவலான 'பியர் இன் தி ஸ்நூக்கர் கிளப்' 1964இல் ஆங்கிலத்தில் வந்தது. ஐரோப்பிய நூல்களைப் படித்து வளர்ந்து, இங்கிலாந்தை நேசித்து, சூயஸில் அதே இங்கிலாந்து குண்டு வீசுவதைப் பார்த்த இளைஞனின் கதை. சிரிக்கச் சிரிக்க எழுதப்பட்ட கசப்பு. காலி 1969இல் லண்டனில் தற்கொலை செய்துகொண்டார். இந்தத் துறையில் ஒரே ஒரு நூலைத்தான் தமிழில் கொண்டுவர முடியும் என்றால் நான் இதைத்தான் கேட்பேன்.

லெய்லா அகமதின் 'எ பார்டர் பேசேஜ்' (1999) வேறொரு முடிச்சை அவிழ்க்கிறது. பள்ளியில் அரபு வாசிக்கத் தடுமாறியபோது, நீ ஒரு அரபுப் பெண், உன் மொழியே உனக்கு வரவில்லையே என்கிறார் ஆசிரியை. நான் அரபு அல்ல, எகிப்தியப் பெண் என்று பதில் சொன்ன சிறுமிக்குக் கிடைத்தது அறை. எகிப்திய அதிபர் நாசரின் ஆட்சியில் 'அரபு' என்ற அடையாளம் எப்படி மேலிருந்து வந்து ஒட்டியது என்று அவர் பின்னாளில் ஆராய்வதற்கு அந்த அறைதான் பிள்ளையார்சுழி. அமெரிக்காவில் குடியேறிய பிறகு எகிப்தியர், அரபு, முஸ்லிம் என்று எந்தப் பெட்டியில் குறியிடுவது என்ற கேள்வி வருகிறது. அது நியூயார்க்கில் பிறந்த கேள்வியல்ல, கெய்ரோவிலிருந்தே கூட வந்தது என்பது அவருடைய நூலைப் படித்தால் விளங்கும்.

இஸ்ரேலுடனான 1967 போரின் தோல்வி படித்தவர்களின் மனத்தை உடைத்தது. அமெரிக்கா 1965இல் குடியேற்றச் சட்டத்தைத் தளர்த்தியிருந்தது. 1971இன் எகிப்திய அரசியலமைப்பு வெளிநாட்டில் குடியேறுவதைக் குடிமக்களின் உரிமையாக்கியது. மருத்துவர்களும் பொறியாளர்களும் கிளம்பினார்கள். அவர்களில் கோப்திக் கிறிஸ்தவர்கள் கணிசம். டொராண்டோவிலும் ஜெர்சி சிட்டியிலும் சிட்னியிலும் தேவாலயங்கள் எழுந்தன. ஞாயிறு வழிபாட்டில் இன்றும் கோப்திக், அரபு, ஆங்கிலம் மூன்றும் மாறி மாறி ஒலிக்கின்றன. கோப்திக்கை வீட்டில் யாரும் பேசுவதில்லை, அரபு தாத்தா பாட்டியின் மொழி, ஆங்கிலம் பிள்ளைகளுக்கு. எந்த வரியை எந்த மொழியில் பாடுவது என்பதே அங்கே பண்பாட்டு அரசியல். கோப்திக் கிறிஸ்துமஸ் ஜனவரி 7இல் வருவதால், டிசம்பரில் ஒன்று ஜனவரியில் ஒன்று என்று பிள்ளைகள் இரண்டாகக் கொண்டாடிவிடுகிறார்கள். அதில் யாருக்கும் குறையில்லை.

மானிடவியலாளர் கேண்டஸ் லுகாசிக் 'மார்டியர்ஸ் அண்ட் மைக்ரண்ட்ஸ்' என்ற ஆய்வில் காட்டும் முரண் கூர்மையானது. அமெரிக்க அரசியல் மேடையில் கோப்திக் மக்கள் துன்புறுத்தப்படும் கிறிஸ்தவர்கள். வீதியில் இறங்கினால் பழுப்புத் தோலும் அரபுப் பெயரும் கொண்ட சந்தேகத்துக்குரியவர்கள். மணிக்கட்டில் பச்சைகுத்திய சிலுவையை எல்லோரும் உற்றுப் பார்ப்பதில்லையே.

சாப்பாட்டைப் பற்றி எழுதாத புலம்பெயர் எழுத்து ஏது? எகிப்தியருக்கு மொலொகேயா. சணல் இனச் செடியின் இலையைப் பொடியாக நறுக்கி வைக்கும் வழவழப்பான குழம்பு. பூண்டையும் கொத்துமல்லி விதையையும் வதக்கிக் கொட்டும் நொடியில் சமைப்பவர் 'ஹா' என்று மூச்சை உள்ளிழுக்க வேண்டும், இல்லையென்றால் ருசிக்காது என்பது நம்பிக்கை. இலை இப்போது உறைபனிப் பொட்டலத்தில் வருகிறது. மூச்சு பொட்டலத்தில் வராது என்பதால் பிள்ளைகள் அதை அம்மாவிடமிருந்துதான் கற்கவேண்டும். இதற்கு நேரெதிரான கதை 1990இல் மன்ஹாட்டன் தெருமுனையில் எகிப்தியர்கள் தொடங்கிய 'தி ஹலால் கைஸ்' தள்ளுவண்டி. ஹாட் டாக் விற்றவர்கள், முஸ்லிம் டாக்சி ஓட்டுநர்களின் பசிக்காகக் கோழியும் சோறும் வெள்ளைச் சாஸும் கொடுக்க ஆரம்பித்தார்கள். நியூயார்க்காரர்கள் எகிப்தியர் கையால் அதிகம் உண்ட அந்த உணவு, கெய்ரோ வீடுகளில் கிடையாது.

அமெரிக்காவைக் களமாகக் கொண்டு அரபியில் எழுதப்பட்ட நாவல்களுக்கு வந்தால், அலா அல்-அஸ்வானியின் 'சிகாகோ' (2007) பரவலாக வாசிக்கப்பட்டது. கதைமாந்தர்கள் ஆளுக்கொரு வாதத்தைச் சுமக்க வந்தவர்களாகவே நின்றுவிடுகிறார்கள் என்பது என் எண்ணம். மிரால் அல்-தஹாவியின் 'புரூக்ளின் ஹைட்ஸ்' (2010, நகீப் மஹ்பூஸ் பதக்கம்) அப்படியல்ல. எட்டு வயது மகனோடு வந்திறங்கும் ஹிந்த், புரூக்ளினின் ஒவ்வொரு தெருவிலும் நைல் டெல்டாக் கிராமத்தின் ஒரு மூலையை நினைத்துக்கொள்கிறாள். கவிஞர் ஈமான் மெர்சால் 1990களின் இறுதியில் கனடாவுக்குப் போனார். ஏக்கத்தையே சந்தேகத்தோடு பார்ப்பவர் அவர். ஊர்நினைவில் உருகும் வாசகருக்கு அவர் கவிதைகளில் ஆறுதல் கிடைக்காது.

அடுத்த தலைமுறை திசையைத் திருப்பிவிட்டது. ரேமி யூசுப்பின் 'ரேமி' தொடரில் (2019 முதல்) நியூஜெர்சிப் பையன் தன் வேர்களைத் தேடிக் கெய்ரோ போகிறான். அங்குள்ள உறவுக்காரப் பையன்களுக்கு அவன் தேடும் எகிப்தில் அக்கறையே இல்லை. நூர் நாகாவின் நாவல் (2022) இன்னும் கொடுமையானது. அமெரிக்காவில் வளர்ந்த எகிப்தியப் பெண்ணுக்கும் கிராமத்திலிருந்து கெய்ரோ வந்த ஆணுக்கும் இடையிலான உறவு வன்முறையில் முடிகிறது. கடைசிப் பகுதியில் அந்தக் கதையை ஒரு எழுத்துப் பட்டறையில் அமெரிக்கர்கள் அலசுகிறார்கள். 'தாயகம் திரும்புதல்' எப்படி விற்பனைக்கு உகந்த கதையாகிறது என்று நாவல் தன்னைத்தானே குத்திக்கொள்ளும் இடம் அது.

இவை எல்லாம் சேர்ந்தாலும் சிறுபான்மையின் கதைதான். வெளிநாட்டில் வாழும் எகிப்தியர்களில் பெரும்பான்மையினர் அரபு நாடுகளில் இருக்கிறார்கள். 1973க்குப் பின் எண்ணெய்ப் பணம் சவூதிக்கும் குவைத்துக்கும் ஈராக்குக்கும் லிபியாவுக்கும் இழுத்த ஆசிரியர்கள், கொத்தனார்கள், விவசாயிகள். வளைகுடாவில் குடியுரிமை எட்டாக்கனி. எத்தனை வருடம் இருந்தாலும் திரும்பவேண்டியவர்களே. ஆகவே 'புதிய நாட்டில் நான் யார்' என்று கேட்கும் ஆய்வுகளின் கண்ணில் அவர்கள் படுவதில்லை. சவூதியின் தபூக்குக்குப் போன எகிப்தியனைப் பற்றி இப்ராஹிம் அப்தெல் மெகீத் எழுதிய 'வேறு ஊர்' என்ற நாவல் அபூர்வமான விலக்கு. முகமது கானின் 1986ஆம் ஆண்டுப் படமான 'ஒரு குடிமகனின் திரும்பல்' இன்னொன்று: கத்தாரில் எட்டு வருடம் உழைத்துத் திரும்பும் அண்ணன், தான் அனுப்பிய பணத்தில் வளர்ந்த குடும்பத்தில் தனக்கு இடமில்லாததைக் காண்கிறான்.

2015 பிப்ரவரியில் லிபியாவின் சிர்த் கடற்கரையில் ஐ.எஸ். பயங்கரவாதிகள் 21 பேரின் கழுத்தை அறுத்தார்கள். 20 பேர் எகிப்தியக் கோப்திக் தொழிலாளிகள், ஒருவர் கானாக்காரர். பலர் மின்யா மாகாணத்தின் அல்-அவுர் என்ற ஒரே கிராமத்தவர்கள். அவர்கள் இன்று புனிதர்கள்; அமெரிக்கத் தேவாலயங்களில் அவர்களுடைய திருவுருவப் படம் தொங்குகிறது. ஆரஞ்சு உடை, தலைக்கு மேல் கிரீடம். அவர்கள் லிபியாவில் என்ன கட்டிக்கொண்டிருந்தார்கள், கூலி எவ்வளவு, மாதம் எவ்வளவு ஊருக்கு அனுப்பினார்கள் என்பதெல்லாம் அந்தப் படத்தில் இல்லை.

எழுத்தில் பதியாத அந்த வாழ்க்கைக்கு வேறொரு தடம் இருந்தது: 1970களிலும் 80களிலும் எழுதத் தெரியாத எகிப்தியத் தொழிலாளிகள் கடிதத்துக்குப் பதில் கேசட்டில் பேசி அனுப்பினார்கள். ஊர் திரும்பும் யாராவது ஒருவர் கையில் கொடுத்துவிடுவார்கள். வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து கேட்பார்கள். பிறகு மறுபக்கத்தில் மனைவி, அம்மா, பிள்ளைகள் பேசிப் பதில் அனுப்புவார்கள்.